கிவாவும் காட்டு வாத்துக் குளியலும்

எங்கள் குப்பத்தில் கிவாவுக்குப் பயப்படாத ஆள் கிடையாது. ஊரே வெந்நீரில் குளிக்கிற கோயில் குளியலறையில் அடுப்பெரிக்கிறவள்தான் அவள். வேலையென்று பார்த்தால் அதற்குக் கீழே ஒன்றும் இல்லை. ஆனாலும் படகு முதலாளி தொகுஜி அவள் எதிரே வந்தால் ஓரமாக ஒதுங்கித்தான் போவார். நான் அவளுக்குப் பக்கத்து வீட்டுக்காரி, தோஃபு என்கிற சோயாப்பால் கட்டி விற்கிறவள். இத்தனை வருஷம் அவள் வாயைக் கேட்டும் செவிடாகாமல் இருக்கிறேனே, என் காதைத்தான் மெச்ச வேண்டும்.

கிவா மலைப்பக்கத்திலிருந்து மருமகளாக வந்தவள். வந்த புதிதில் அலைச் சத்தம் கேட்டுத் தூக்கம் வரவில்லை என்று சண்டை போட்டாளாம், யாரோ வேண்டுமென்றே சத்தம் போடுகிற மாதிரி. நாலாவது வருஷம் புருஷன் மீனுக்குப் போனான், திரும்பவில்லை. உடம்பும் கரை ஒதுங்கவில்லை. கையில் நாலு மாதக் குழந்தை மினே. அப்போதிருந்த பெரிய சாமியார் கோயில் அடுப்பை அவளிடம் கொடுத்தார். அன்று பிடித்த ஊதுகுழலை அவள் கீழே வைக்கவில்லை. தெருமுனையில் நின்று மூக்கை உறிஞ்சினாலே எந்த வீட்டில் என்ன விறகு எரிகிறது, அது ஈரமா காய்ந்ததா என்று சொல்லிவிடுவாள். சூடு தாங்கவில்லை என்று தொட்டிக்குள்ளிருந்து ஆண்கள் கத்தினால் சன்னல் வழியாகப் பதில் போகும்: "வேகட்டும். வெந்தாத்தான் அழுக்குப் போகும்."

காட்டு வாத்துக் குளியலும் அவள் பொறுப்பில்தான் வந்தது. இலையுதிர் காலத்தில் வடக்கேயிருந்து கடல் தாண்டி வரும் வாத்துகள் ஆளுக்கொரு கம்பை அலகில் கவ்வி வரும். களைத்தால் கம்பைத் தண்ணீரில் போட்டு அதன்மேல் உட்கார்ந்து இளைப்பாறும். எங்கள் கரைக்கு வந்ததும் போட்டுவிட்டுத் தெற்கே போகும். வசந்தத்தில் திரும்பும்போது அவரவர் கம்பை எடுத்துக்கொண்டு கிளம்பும். எல்லாம் போன பிறகும் கரையில் கிடக்கிற கம்பு, தெற்கேயே செத்துப்போன வாத்தினுடையது. அதைப் பொறுக்கிக் கோயிலுக்குக் கொண்டுபோய், மணியடித்து, மந்திரம் சொல்லி, அந்த விறகில் வெந்நீர் போட்டு ஊரே குளிப்போம். செத்த பறவைக்கு அதுதான் காரியம். இதில் மீறக்கூடாதது ஒன்றே ஒன்று. கடைசிக் கூட்டம் கடந்து போவதற்கு முன்னால் கம்பைத் தொடக்கூடாது.

போர் முடிந்து எட்டாவது வருஷம் அது. மினேவுக்கு இருபத்திரண்டு வயது. குளிர்காலம் பூராவும் வடக்கே கடலுக்கு அப்பால் ஹொக்கைடோ தீவில் மீன்முட்டைக்கு உப்புப் போடுகிற கொட்டகையில் வேலை பார்த்துவிட்டு, வேறு ஊர்ப் பெண்கள் ஆறு பேருடன் ஒரு மோட்டார் படகில் திரும்புவதாக இருந்தாள். "புறப்பட்டோம்" என்று தந்தி வந்தது. ஒரு பகல் ஒரு இரவு ஓட்டம். பன்னிரண்டு நாளாகியும் படகைக் காணோம். கடைசி நாலு நாள் கடலில் மூடுபனி வேறு. நீட்டிய கை தெரியாது.

கிவா ஒன்றும் சொல்லவில்லை. அதுதான் எங்களுக்குப் பீதியாக இருந்தது. அடுப்பை எரித்தாள், சாம்பலை அள்ளினாள், யாரையும் திட்டவில்லை. வாத்துக் குளியலுக்குக் குறித்த நாள் வந்தது. கம்பெல்லாம் பொறுக்கிக் கட்டிக் கோயில் முற்றத்தில் கிடந்தது. அவள் தீ மூட்டவில்லை.

கோயிலுக்குப் புதிதாக வந்திருந்த ஷுன்கெய் சாமி நகரத்துப் பிள்ளை. மெதுவாகத்தான் கேட்டார்.

"அம்மா, மணி ரெண்டாச்சு. அடுப்பு?"

"எரிக்கமாட்டேன் சாமி. இன்னும் எல்லாம் போய் முடியல."

"பத்து நாளா ஒரு வாத்து கண்ணுல படலையே."

"பனிக்குள்ள என்ன போகுது என்ன வருதுன்னு உங்களுக்குத் தெரியுமா?"

துண்டும் கையுமாக நின்ற ஊர் முணுமுணுத்தது. தொகுஜி தொண்டையைச் செருமினார். "கிவா, உன் மனசு எங்களுக்குப் புரியாம இல்ல. ஆனா இது வாத்துக் காரியம்."

"நானும் வாத்தைப் பத்தித்தானே பேசறேன். வேற எதப்பத்தியாவது பேசினேனா? சொல்லுங்க."

யார் சொல்வார்கள்? மினே பேரை எடுக்க ஒருவருக்கும் தைரியம் இல்லை. அந்தக் கம்புகளை எரித்தால், வரவேண்டியவர்கள் இனி வரமாட்டார்கள் என்று அவள் வாயாலேயே ஒப்புக்கொண்ட மாதிரி. இது முற்றத்தில் நின்ற எல்லோருக்கும் தெரியும்.

கடைசியில் சாமி அங்கியின் கையை மடித்துவிட்டுக்கொண்டு, "சரி, நானே மூட்டறேன்" என்று அடுப்புக்கு முன்னால் குந்தினார். தடித்த கம்புகளை அடியில் வைத்தார், சுள்ளிகளை மேலே வைத்தார். தீக்குச்சியைக் கிழித்தார், அணைந்தது. மறுபடி கிழித்தார். ஒரே புகை. கிவா பல்லைக் கடித்துக்கொண்டு பார்த்தாள். நாலாவது குச்சியில் அவளால் முடியவில்லை.

"எழுந்திருங்க சாமி. அடுப்பா இது, குருவிக் கூடா? என் அடுப்பைப் பாழாக்காதீங்க."

அவளே மூட்டினாள். தீ பிடித்ததும் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். என் வாழ்நாளில் அவள் அடுப்பைப் பார்க்காமல் அடுப்பெரித்தது அன்று மட்டும்தான்.

தண்ணீர் சூடானதும் முதல் ஐந்தாறு ஆண்கள் தொட்டியில் இறங்கிவிட்டார்கள். தொகுஜி தலையில் துண்டை மடித்து வைத்துக்கொண்டு சுகமாக ஒரு ஏப்பம் விட்டார். அப்போதுதான் கிவா எழுந்து நின்றாள்.

"வாயை மூடுங்க எல்லாரும்."

மூடினோம். பனிக்குள்ளிருந்து, தெற்கேயிருந்து, கரகரவென்று சத்தம். ஒன்று, பத்து, எண்ண முடியாத அளவு. காட்டு வாத்து. கூரையை உரசுகிற மாதிரி தாழ்ந்து வருகிறது. அவற்றின் கம்பை நாங்கள் எரித்துக்கொண்டிருக்கிறோம். கடல் நடுவில் எதன்மேல் உட்காரும்?

கிவா இடுக்கியை அடுப்புக்குள் விட்டு எரிகிற கம்புகளை வாரி வெளியே எறிந்தாள். "என்னத்தப் பாக்கறீங்க? தூக்குங்க. கரைக்குத் தூக்குங்க."

ஊரே ஓடியது. தலைப்பாகையாக இருந்த துண்டு இடுப்புக்கு இறங்கக்கூட நேரமில்லாமல் தொகுஜி ஓடினார்; நான் பார்க்கவில்லை என்று இன்றுவரை சொல்லிவருகிறேன். சாமி அங்கியைத் தொடைக்கு மேலே செருகிக்கொண்டு இரண்டு கையிலும் புகைகிற கம்புகளோடு ஓடினார். கரியும் கங்குமாக இருந்ததை, பாதி எரிந்ததை, முனை கருகியதையெல்லாம் அலை விளிம்பில் வரிசையாகப் போட்டோம். "எடுத்துக்கோ, எடுத்துக்கோ" என்று பெண்கள் வானத்தைப் பார்த்துக் கெஞ்சினார்கள். என் உடுப்பில் பொத்தல் விழுந்ததைக்கூட நான் கவனிக்கவில்லை.

கூட்டம் மணலில் இறங்கியது. அறுபது எழுபது இருக்கும். கம்புகளுக்கு நடுவே ஆடி ஆடி நடந்தன. ஒன்று மூக்கால் ஒரு கம்பைத் தள்ளியது. பிறகு முன்னால் நின்றது கழுத்தை நீட்டிக் கத்தியது. மொத்தமும் எழும்பி, எங்கள் தலைக்கு மேல் ஒரு சுற்றுச் சுற்றி, வடக்கே பனிக்குள் போய்விட்டது.

"ஒண்ணுகூட எடுக்கலையே" என்றார் தொகுஜி. அழுதுவிடுவார் போலிருந்தது. "நாம கெடுத்துட்டோம்."

கிவா கம்புகளைப் பார்த்தாள், வடக்கே பார்த்தாள். அவள் முகம் மாறிக்கொண்டே வந்தது.

"கம்பு இல்லாமலே போகுதுங்க" என்றாள். பிறகு என் தோளைப் பிடித்து உலுக்கினாள். "ஹத்சுயே, பாத்தியா? கம்பு இல்லாமலே கடலைத் தாண்டுதுங்க. அப்ப கம்பு கெடந்தா செத்துப்போச்சுன்னு அர்த்தம் இல்லடி. வருஷா வருஷம் அழுதுக்கிட்டே எரிச்சேனே. அதுங்க பாட்டுக்குப் போயிருக்குங்க. உசுரோட போயிருக்குங்க."

சாமி குனிந்து ஒரு கம்பை எடுத்துப் பார்த்தார்.

"எம்பொண்ணும் உசுரோட இருக்கா" என்றாள் கிவா. பன்னிரண்டு நாளில் முதல் தடவையாகச் சொன்னாள். "இந்தப் பனியில கரை தெரியாம எங்கயோ சுத்தறா. ஊதுங்க. கங்கு இருக்கறப்பவே ஊதுங்க. கரை நெடுக எரியணும்."

அதற்குப் பிறகு எங்கள் குப்பம் பட்ட பாட்டைச் சொன்னால் நம்பமாட்டீர்கள். வாத்துக் கம்பு அரை மணியில் தீர்ந்தது. கோயில் விறகு வந்தது. வீட்டு விறகு வந்தது. மீன் காயப்போடுகிற கழிகள், உடைந்த பெட்டிகள், என் தோஃபுக் கொட்டகையின் கதவு. இருட்டும் நேரத்தில் சாமி, சமாதிகளில் நட்டு நாள்பட்டுப்போன பெயர்ப் பலகைகளை ஒரு சுமை தூக்கி வந்தார். எல்லோரும் திகைத்தோம். "எப்படியும் எரிக்கவேண்டியதுதான்" என்றார். "இவங்களும் இதே கடல்ல போனவங்கதானே. வழி காட்டட்டும்." கிவா அவரைப் பார்த்த பார்வையில் அன்றிலிருந்து அவர் எங்கள் ஊர்க்காரர் ஆனார். பலகைகளை எப்படி அடுக்கவேண்டும் என்று மட்டும் அவளே காட்டிக்கொடுத்தாள்.

முறை வைத்து எரித்தோம். விடிந்தபோதும் பனி கலையவில்லை. தொகுஜி தன் பழைய சிறு படகையே பிளக்கலாமா என்று கோடரியோடு நின்ற நேரம், கடலுக்குள்ளிருந்து இருமுகிற மாதிரி ஒரு மோட்டார் சத்தம் கேட்டது. நின்றது. மறுபடி இருமியது. ஓர் ஆண் குரல், "அது எந்தக் கரை?" என்று கத்தியது.

நாங்கள் நூறு பேர் ஒரே நேரத்தில் பதில் சொன்னதில் அவனுக்கு என்ன புரிந்திருக்கும்? கிவா மட்டும் கத்தவில்லை. இடுப்பளவு தண்ணீரில் நின்றிருந்தாள்.

எந்திரம் பழுதாகி, ஆளில்லாத ஒரு குடாவில் ஒன்பது நாள் கிடந்து, ஒப்பேற்றிக் கிளம்பி, பனியில் பாறைக்குப் பயந்து அலைந்தார்களாம். விடியற்காலையில் சிவப்பாக ஒரு கோடு தெரிந்ததாம். அதை வைத்துத்தான் வந்தோம் என்றான் படகோட்டி. பெண்கள் ஏழு பேரும் இருந்தார்கள். மினே தண்ணீரில் குதித்து வந்தாள். உதடெல்லாம் நீலம், பல் கிடுகிடுத்தது. அம்மாவின் கரிபிடித்த முகத்தைப் பார்த்து, "அம்மா, குளிருது. வெந்நி இருக்கா?" என்றாள்.

இத்தனை வருஷமாக வெந்நீர் இல்லை என்று யாரிடமும் சொல்லாத கிவா, வெறும் மணலைத் திரும்பிப் பார்த்தாள். முதலில் சிரித்தாள். அப்புறம் மகளை இழுத்து அணைத்துக்கொண்டு, ஊர் முழுக்கக் கேட்கும்படி ஓவென்று அழுதாள்.

"வெந்நிக்கு எங்கடி போவேன்? ஒரு குச்சி மிச்சமில்லடி."