என் முகத்துக்குக் கட்டிய வெள்ளைக்கொடி

நான் வரைவது என் முகத்தை மட்டும்தான். பல வருடங்களாக அதே வேலை. எங்கள் லிங்கநகரில் இதைத் தலைக்கனம் என்பார்கள். கொழும்பில் பரிசோதனை என்பார்கள். எனக்கு இருந்த ஆசை ஒன்றுதான்: சொந்த ஊரில் ஒருமுறையாவது என் முகத்தை நான் வரைந்தபடியே மாட்டவேண்டும்.

துறைமுகத்துக்குப் பக்கத்து மண்டபத்தில் கண்காட்சி வைக்கக் கொழும்பிலிருந்து ஒரு தம்பி வந்தார். அடையாளம், சுயம் என்று வாய் ஓயாமல் பேசுபவர். வாய் நிறைய மீன்பொரியலோடு நான் சிரிக்கிற படத்தைக் காட்டினேன்.

"அக்கா, இதில போர் இல்லையே?"

"எனக்குப் பசிச்சது தம்பி. அதுதான் இருக்கு."

சிரிப்பில்லாத என் முகத்தைக் கறுப்பு வெள்ளையில், பெயர் போடாமல் அச்சடித்துச் சுவர்களில் ஒட்டச் சொன்னார். மக்கள் கேள்வி கேட்பார்களாம். அதைச் செய்தால் மண்டபத்தில் என் சிரிப்புப் படத்தையும் மாட்டலாமாம். அந்த ஆசையில் சந்தையடியிலிருந்து பஸ் நிலையம்வரை நானே பசை பூசி ஒட்டினேன்.

மக்கள் ஒரு கேள்வியும் கேட்கவில்லை. விடிந்தபோது எங்கள் ஒழுங்கையில் செத்தவீட்டுக்குக் கட்டுகிற வெள்ளைக்கொடி பறந்தது. பிளாஸ்டிக் கதிரைகள் வந்து இறங்கிக்கொண்டிருந்தன. உப்புவெளியிலிருந்து ஆட்டோவில் வந்த பெரியம்மா வாசல் படலையிலேயே ஒப்பாரியைத் தொடங்கிவிட்டார். நான் பல் தீட்டியபடி வெளியே வந்தேன்.

"அடியே, நீ சாகேல்லையோ?"

"ஏன் பெரியம்மா, ஏமாற்றமோ?"

"மூதேவி! முகத்தை மட்டும் கறுப்பு வெள்ளையில அடிச்சுச் சந்தையடியில ஒட்டினா, ஊர் பிறந்தநாளெண்டோ நினைக்கும்?"

இங்கே சுவரில் அப்படி ஏறுகிற முகங்கள் எல்லாம் அஞ்சலி முகங்கள்தான். அது எனக்குத் தெரியாதா? கலை என்ற சொல்லைக் கேட்டதும் புத்தி வேலை செய்யவில்லை.

அந்த நேரத்தில் தம்பி வந்து சேர்ந்தார். கொடியையும் கதிரைகளையும் பார்த்து அவருக்குக் கண் கலங்கியது. கைபேசியைத் தூக்கிப் பெரியம்மாவிடம் போனார்.

"அம்மா, திரும்ப ஒருக்கா அழுவீங்களோ?"

"ஆருக்கு ராசா? உனக்கோ?"

தம்பி என் பக்கம் திரும்பி, இதைப் படமெடுக்க விட்டால் மண்டபத்தின் நடுச்சுவர் முழுக்க எனக்குத்தான் என்றார்.

"அப்ப என்ர படம்?"

"அது இப்ப தேவையில்லை அக்கா. இதுதான் நீங்கள்."

"நான் இல்லை. கைபேசியைப் பொக்கெற்றில வைச்சிட்டு நடையைக் கட்டும்."

கட்டினார். கண்காட்சி நான் இல்லாமலே நடந்தது. நடுச்சுவரில், முகத்தில் முட்கம்பி சுற்றிய கொழும்புக்காரர் ஒருவர் இருந்தார் என்று சொன்னார்கள்.

ஆனால் கொடி பறந்த அன்று காலை முழுவதும் துக்கம் கேட்க ஆட்கள் வந்துகொண்டே இருந்தார்கள். நான் ஒழுங்கை முகப்பில் நின்று ஒவ்வொருவருக்கும் என் முகத்தைக் காட்டினேன். ஒருவரும் அதில் போரைத் தேடவில்லை. மீன்காரர் ஒருவர் சைக்கிளில் ஒரு காலை ஊன்றி நின்று மேலும் கீழும் பார்த்தார்.

"ஓம், உயிரோடதான் நிக்கிறியள். அப்ப நான் வாறன்."