போகியன்று பானுமதி எறிந்த எலும்புக்கூடு

காந்தி மார்க்கெட் வெங்காய மண்டிக்கு வரும் லாரி டிரைவர்களில் பானுமதியைத் தெரியாதவர் கிடையாது. அவள் எழுதும் பில்லுக்காக அல்ல, கேட்கும் கேள்விக்காக. மூட்டை இறங்கி முடிவதற்குள் எந்த ஊர், வழியில் மழையா வெயிலா, ராத்திரி எங்கே படுத்தீர்கள், உங்கள் ஊரில் வெங்காயத்தைப் பச்சையாகத் தின்பார்களா வதக்கியா என்று எல்லாவற்றையும் கறந்துவிடுவாள். நாசிக்கிலிருந்து வந்த ஒருவரிடம் பாதி தமிழும் பாதி கையுமாகப் பேசி, அங்கே திராட்சைக்கு எப்படிப் பந்தல் போடுகிறார்கள் என்பதுவரை தெரிந்துகொண்டாள். அதை வைத்துக்கொண்டு அவள் என்ன திராட்சைத் தோட்டமா போடப்போகிறாள்? இல்லைதான். தெரிந்துகொள்வதற்கு ஒரு லாபம் இருக்க வேண்டும் என்று எவர் சொன்னது? சொன்னவர் சொல்லிவிட்டுப் போகட்டும்.

அவள் புருஷன் வீரமலை நேர்மாறு. துவாக்குடிப் பக்கம் ஒரு பாய்லர் ஷெட்டில் வெல்டர். பேசினால் பற்றவைத்தது விட்டுப்போய்விடும் என்பதுபோல வாயை மூடியே இருப்பார். குழாயைப் பற்றவைத்ததும் அதில் தண்ணீரை நிரப்பி, அழுத்தம் ஏற்றி, சின்னச் சுத்தியலால் தட்டி, எங்கேயாவது ஒரு சொட்டு கசிகிறதா என்று பார்ப்பார். கசியவில்லை என்றால்தான் லாரி ஏறும். ஏறிப்போன பாய்லர் எந்த ஊரில் நிற்கிறது, அதில் நெருப்பு மூட்டினார்களா இல்லையா என்று அவர் ஒருநாளும் விசாரித்ததில்லை. பானுமதி விசாரிப்பாள். "தெரியல" என்பார். அவ்வளவுதான் பேச்சு.

இவர்கள் மகன் பிரவீன்ராஜ் ஓசூருக்கு வேலைக்குப் போனபோது, காட்டூர் வீட்டில் தன் பெரிய கம்ப்யூட்டரை விட்டுவிட்டுப் போனான். அதற்குள் ஒரு விளையாட்டு இருந்தது. விளையாட்டு என்றால் பந்தை அடிக்கிற விளையாட்டு இல்லை. ஒரு தேசமே உள்ளே இருக்கிறது. காடு, ஆறு, சந்தை, மந்திரம் போடுகிறவர்கள், கொள்ளைக்காரர்கள், ஆட்டைத் தூக்கிக்கொண்டு போகிற ராட்சசப் பறவை. நமக்கென்று ஒரு ஆளைக் கொடுத்துவிடுவார்கள். அவனை நடத்திக்கொண்டு எந்தத் திசையில் வேண்டுமானாலும் போகலாம். வராதே என்று யாரும் சொல்லமாட்டார்கள்.

லீவுக்கு வந்திருந்தபோது மகன் அப்பாவுக்கு மோட் போடக் கற்றுக்கொடுத்தான். அங்கே பிடித்தது வினை. மோட் என்பது வேறொன்றுமில்லை. வாடகை வீட்டுக்குக் குடி போனதும் நாம் குழாயை மாற்றுகிறோம், கொசுவலை அடிக்கிறோம், பரண் போடுகிறோம் இல்லையா, அதுபோல அந்தத் தேசத்தை நம் இஷ்டத்துக்குத் திருத்திக்கொள்வது. உலகத்தில் எங்கெங்கோ இருக்கிறவர்கள் செய்து சும்மாவே கொடுக்கிறார்கள். ஒருவர் புல்லை மட்டும் அடர்த்தியாக்கிக் கொடுக்கிறார். ஒருவர் மழைச் சத்தத்தை மட்டும். இன்னொருவர் குளிரையும் பசியையும் செய்திருக்கிறார். அதைப் போட்டுவிட்டால் நம் ஆள் பனியில் ரொம்ப நேரம் நின்றால் சுருண்டு விழுந்து செத்தே போவான்.

இத்தனையையும் அடுக்கி வைக்க மோட் மேனேஜர் என்று ஒன்று இருக்கிறது. எது முன்னால், எது பின்னால் என்று அதில் வரிசை உண்டு. வரிசை தப்பினால் மரமெல்லாம் கத்தரிப்பூ நிறத்தில் நிற்கும், வீடு தரையில் ஒட்டாமல் தொங்கும், இல்லாவிட்டால் விளையாட்டே பட்டென்று மூடிக்கொள்ளும். வீரமலைக்கு இது பிடித்துப்போனதில் ஆச்சரியம் ஒன்றுமில்லை. ஒரு மோட் போடுவார். ஆளைக் கிணற்றடியிலிருந்து பாலம் வரைக்கும் நடத்துவார். பாலத்தைத் தொட்டுவிட்டுத் திரும்பிக் கிணற்றடிக்கு வருவார். எங்கும் கசியவில்லை என்று தலையை ஆட்டிக்கொண்டு அடுத்த மோட். ஒன்றரை வருஷம் இப்படியே. பாலத்தைத் தாண்டியதே இல்லை.

பக்கத்தில் பூண்டு உரித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கும் பானுமதிக்கோ கண்ணெல்லாம் பாலத்துக்கு அந்தப் பக்கம் தெரிகிற மலைமேல். காவிரிப் பாலத்தில் பஸ் வரும்போது ஸ்ரீரங்கத்து ராஜகோபுரம் தெரியுமே, அதுபோலக் கிட்டத்தில் இருக்கிறதா தூரத்தில் இருக்கிறதா என்று சொல்லமுடியாமல் அந்த மலை நிற்கும்.

"என்னங்க, அந்த மலைக்கு அந்தப் பக்கம் என்னதான் இருக்கு?"

"போனாத்தான் தெரியும்."

"அப்ப போங்களேன்!"

"பனி இன்னும் சரியா உக்காரல."

"போன மாசம் புல்லு உக்காரலன்னீங்க. அதுக்கு முன்ன ஆட்டுக்குக் கொம்பு உக்காரலன்னீங்க. என்னிக்குத்தாங்க எல்லாம் உக்காந்து நீங்க எந்திரிப்பீங்க?"

வீரமலை இன்னொரு மோட் போட்டார்.

மகன் போனில் கேட்டான். "அப்பா எதுவரைக்கும் போயிருக்காரும்மா?"

"பாலம் வரைக்கும்."

"இன்னுமா? ஏம்மா, அந்தப் பக்கம் என்ன இருக்குன்னு வீடியோவே கிடக்கு. லிங்க் அனுப்பவா?"

"எவனோ போனதைப் பாக்கறதுக்கா நான் ஒன்றரை வருஷமா உக்காந்திருக்கேன்? வச்சிட்டுப் போடா."

"அப்ப நீயே விளையாடு. அப்பா பாத்துக்கிட்டு இருக்கட்டும்."

"அவரு ஒவ்வொரு புல்லா நட்டு வச்சிருக்காரு. அவரை விட்டுட்டு நான் மட்டும் போறதா? ரெண்டு பேருமாத்தான் போவோம்."

மார்கழியில் ஒரு சேதி வந்தது. குஜராத் பக்கம் ஒரு சைட்டில் பாய்லரைத் தூக்கி நிறுத்தும் வேலை, நல்ல வெல்டர் வேண்டும், வீரமலையை அனுப்புகிறார்கள். காணும் பொங்கல் அன்றைக்கு ரயில். திரும்பி வர ஆடி ஆகலாம், ஆவணியும் ஆகலாம். பானுமதி துணிமணியைப் பற்றிக் கேட்கவில்லை, சாப்பாட்டைப் பற்றிக் கேட்கவில்லை.

"ரயில் ஏறறதுக்குள்ள மலை தாண்டியாகணும். சொல்லிட்டேன்."

வீரமலை சுவர்க் காலண்டரைப் பார்த்தார். "பொங்கல் அன்னிக்கு சாப்பிட்டு முடிச்சதும் போலாம்" என்றார். அவர் வாயிலிருந்து ஒரு தேதி வந்ததே அதிசயம். மிச்சமிருந்த மோட்களையெல்லாம் வேலைவிட்டு வந்ததும் உட்கார்ந்து சரிபார்த்து முடித்தார். கையோடு பானுமதிக்கும் மேனேஜரைக் காட்டிக்கொடுத்தார். இது டிக், டிக்கை எடுத்தால் மோட் தூங்கும், இங்கே அழுத்தினால் ஒரேயடியாகப் போய்விடும் என்று.

அதுதான் வம்பாகப் போயிற்று. போகியன்று காலையில் அவர் கரும்பும் மஞ்சள் கொத்தும் வாங்கப் போயிருந்தார். பானுமதி பரணை ஒழித்தாள், கிழிந்த பாயையும் பழைய முறத்தையும் வாசலில் போட்டாள், ஜன்னல் கம்பியைத் துடைத்தாள். அப்புறம் கம்ப்யூட்டர்மேல் தூசி தட்டும்போது, இதற்குள்ளும் ஒன்றரை வருஷக் குப்பை இருக்குமே என்று தோன்றியது. மேனேஜரைத் திறந்தாள். இங்கிலீஷ் எழுத்துக் கூட்டிப் படிக்க அவளுக்குத் தெரியும். ஒவ்வொரு பெயராக வாசித்துக்கொண்டே வந்தவள் ஓரிடத்தில் நின்றாள். ஸ்கெலிட்டன் என்று எழுதியிருந்தது. எலும்புக்கூடு! விடிந்தால் தை பிறக்கிறது, வீட்டுக்குள்ளே எலும்புக்கூடா? அதைத் திறந்தும் பார்த்தாள். படம் கிடையாது, நிறம் கிடையாது, சத்தம் கிடையாது. எதற்கும் ஆகாத வெறுங்கூடு. லாரி டிரைவரைக் கூடக் குடைந்து குடைந்து கேட்கிறவள், இதை மட்டும் யாரையும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. அழுத்தித் தூக்கி எறிந்துவிட்டு, கையைக் கழுவிக்கொண்டு கோலமாவு சலிக்கப் போய்விட்டாள்.

மறுநாள் பொங்கல் பொங்கி, சூரியனுக்குப் படைத்து, சாப்பிட்டு முடித்து, இருவரும் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்தார்கள். வீரமலை புதுச்சட்டை போட்டிருந்தார். விளையாட்டு திறந்தது. கிணற்றடி வந்தது. வந்ததும் அவர் கை மௌஸிலேயே நின்றுவிட்டது.

ஊரில் இருக்கிற அத்தனை பேரும் இரண்டு கையையும் பக்கவாட்டில் நீட்டிக்கொண்டு சோளக்கொல்லைப் பொம்மை மாதிரி நின்றார்கள். தண்ணீர் இறைக்கிற பெண் கையை நீட்டிக்கொண்டிருந்தாள், குடம் காற்றில் தனியாக நின்றது. கொல்லன், பூசாரி, சின்னக் குழந்தை எல்லாரும் அப்படியே. இவர்கள் ஆளும் அப்படியே.

"ஐயய்ய, என்னங்க இது, ஊரே வெறச்சுப் போச்சு!"

வீரமலை மேனேஜரைத் திறந்து மேலிருந்து கீழே விரலை ஓட்டினார். "எலும்புக்கூட்டைக் காணோமே."

பானுமதிக்குப் புரிந்துவிட்டது. மறைக்கவில்லை. "நான்தாங்க எடுத்துப் போட்டேன். நேத்து போகியில்ல?"

"போகிக்கு?"

"நல்ல நாளும் அதுவுமா வீட்ல எலும்புக்கூடு இருக்கலாமா, நீங்களே சொல்லுங்க."

"பானு, அது ஆளோட எலும்பு. நடக்கறது, குனியறது, வாளை உருவறது எல்லாமே அதை நம்பித்தான் இருக்கு. உன் எலும்பை எடுத்துட்டா நீ நடப்பியா?"

"உள்ள இருக்கறவரைக்கும் எலும்புதாங்க. வெளியில பேர் எழுதி வச்சா பயமா இருக்காதா?" என்றாள். பிறகு குரல் இறங்கியது. "சரி, மறுபடி போட எவ்வளவு நேரம் ஆகும்?"

"இறக்கிப் போட அஞ்சு நிமிஷம்."

"அப்புறம்?"

"அப்புறம் எல்லாத்தையும் ஒரு தடவை ஓட்டிப் பாக்கணும்ல. ஒண்ணொண்ணா."

"கிணத்துலேருந்து பாலம் வரைக்கும்?"

வீரமலை மறுபடி மேனேஜர் பக்கம் மௌஸை நகர்த்தினார். பானுமதி அவர் முகத்தைப் பார்த்தாள். அந்த மேனேஜருக்குள் இப்போது இந்த மனுஷனை விட்டால், நேராக ரயில் ஏற்றத்தான் வெளியே இழுக்க வேண்டும் என்று அவளுக்குத் தெரிந்துபோயிற்று.

"எந்திரிங்க."

"எதுக்கு?"

"எந்திரிங்கங்கறேன்." அவர் நாற்காலியில் தான் உட்கார்ந்தாள். "இப்படியே போவோம்."

"இப்படியேவா? கையை விரிச்சுக்கிட்டா?"

"கை எப்படி இருந்தா என்ன? ஆளு நகர்றானா இல்லையா?"

அமுக்கிப் பார்த்தாள். நகர்ந்தான். கால் அசையவில்லை, மெழுகுத் தரையில் தள்ளிவிட்ட அண்டா மாதிரி வழுக்கிக்கொண்டு போனான். கிணறு போயிற்று, சந்தை போயிற்று, பாலம் வந்தது. பாலத்தின் நடுவில் வீரமலை தன்னையறியாமல் மேசை விளிம்பைப் பிடித்துக்கொண்டார். பாலம் தாண்டியாயிற்று.

"பாத்தீங்களா, ஒண்ணும் இடிஞ்சு விழல."

மலைப்பாதையில் ஏறஏறப் பனி கொட்டியது. அவர் போட்ட பனிதான்; நன்றாகவே உட்கார்ந்திருந்தது. ஆனால் குளிரும் அவர் போட்டதுதான். திரையின் ஓரத்தில் ஆளுக்கு எவ்வளவு உயிர் மிச்சம் என்று காட்டுகிற உயிர்க்கோடு சுருங்கத் தொடங்கியது.

"நெருப்பு மூட்டணும், பானு. இல்லேன்னா செத்துடுவான். செத்தா மறுபடி கிணத்தடிதான்."

"மூட்டுங்க."

"எப்படி மூட்டறது? குனியணும். குனிய எலும்பு இல்லியே!"

அவர் குரலில் அப்படியொரு பதற்றத்தைப் பானுமதி கேட்டதே இல்லை. உயிர்க்கோடு கால்வாசியாயிற்று. "திரும்பிடு, திரும்பிடு" என்றார். அவள் திரும்பவில்லை. ஒரு வளைவு திரும்பியதும் பாறைக்குப் பின்னால் செக்கச்செவேலென்று நெருப்பு எரிந்தது. பக்கத்தில் மூன்று தடியர்கள்.

"கொள்ளைக்காரனுங்க. போச்சு" என்றார் வீரமலை.

மூன்று பேரும் இவர்களைப் பார்த்துக் கோபமாகக் கத்தினார்கள். கத்தினார்களே தவிர, கை விரித்தது விரித்தபடி இருந்தது. வாள் இடுப்பிலேயே தொங்கியது. உருவ முடியவில்லை.

பானுமதிக்குச் சிரிப்பு பொங்கிவிட்டது. "பாவங்க, திருட வந்தவன் கையைக்கூட மடக்க முடியாம நிக்கறான் பாருங்க!" அவர்களுக்குப் பக்கத்திலேயே போய் ஆளை நிறுத்தி, அவர்கள் நெருப்பிலேயே நன்றாகக் குளிர் காய்ந்தாள். கொள்ளைக்காரர்கள் வைதுகொண்டே இருந்தார்கள். உயிர்க்கோடு நிரம்பியது. வீரமலை முதலில் மூக்கால் சிரித்தார், அப்புறம் தோள் குலுங்கச் சிரித்தார், கடைசியில் கண்ணைத் துடைத்துக்கொண்டார். கல்யாணமாகி இத்தனை வருஷத்தில் அவர் அப்படிச் சிரித்து அவள் பார்த்ததில்லை. மௌஸை அவர் பக்கம் நகர்த்தினாள். அவர் வாங்கிக்கொண்டார். எதையும் சரிசெய்யப் போகவில்லை. மேலே ஏற்றினார்.

உச்சியில் இரண்டு பாறைக்கு நடுவே ஒரு இடுக்கு. அதில் வழுக்கிக்கொண்டு நுழைந்து, மலைக்கு அந்தப் பக்கம் வந்து நின்றார்கள்.

பனி அங்கேயே முடிந்துவிட்டது. கீழே வெட்டவெளி. மஞ்சளாகக் காய்ந்த நிலம், நடுவில் வளைந்து ஓடும் ஆறு, அங்கங்கே ஒற்றை மரம். இந்தப் பக்கத்துக்கு வீரமலை ஒன்றுமே செய்யவில்லை. பாலத்தில் நின்றால் கண்ணில் படுகிறது வரைக்கும்தானே அவர் செய்தது.

"புல்லே இல்ல பாரு. மரம் எல்லாம் அட்டையை வெட்டி ஒட்டின மாதிரி இருக்கு" என்றார் கூச்சத்தோடு.

"நல்லாத்தாங்க இருக்கு. கண்ணுக்கு எட்டறமட்டும் தெரியுதே. நீங்க நட்ட புல்லுக்குள்ள ஆடு போனா ஆடே தெரியாது."

அவர் திரைக்குக் கிட்டத்தில் முகத்தைக் கொண்டுபோய் எதையோ பார்த்துக்கொண்டிருந்தார். ஆற்றுக்கு அக்கரையில், ரொம்பத் தூரத்தில், நூல் பிடித்தாற்போலப் புகை ஒன்று மேலே போயிற்று. நீலப் புகை.

"பானு, அது என்ன அது?"

பானுமதி திரையைப் பார்க்காமல் அவரைத்தான் பார்த்தாள்.

"நான் நீலப் புகை எதுவும் போடலியே" என்றார். "யாரு எரிக்கறா? என்னத்தை எரிச்சா இப்படி நீலமாப் போகும்?"

அதற்குள் வாசலில் சொந்தக்காரர்கள் வந்துவிட்டார்கள். அந்த இடத்திலேயே சேவ் செய்து வைத்தார்கள். மறுநாள் முழுக்க மூட்டை கட்டுவதிலும் சொல்லிக்கொள்வதிலும் போயிற்று. ஜங்ஷனில் ரயில் நகரும்போது வீரமலை ஜன்னல் கம்பி வழியாக, "எலும்பை வேணா போட்டுக்க, ஆனா மேல போகாத. நான் வந்துடறேன்" என்றார்.

"ஆவணி வரைக்கும் என்னால முடியாதுங்க. மலைதான் ரெண்டு பேருமாத் தாண்டியாச்சே. மிச்சத்தை நான் பாத்து வைக்கிறேன்" என்றாள். அதில் அவள் விட்டுக்கொடுக்கவில்லை. விட்டுக்கொடுக்க வேண்டிய அவசியமும் இல்லை.

சைட்டுக்குப் போய்ச் சேர்ந்து வீரமலை போன் செய்தார். அவர் போனில் வழக்கமாகப் பேசுவது மூன்று சொல்: வந்துட்டேன், சாப்பிட்டேன், வச்சிடறேன். அன்றைக்கு வந்துட்டேன் என்றுகூடச் சொல்லவில்லை.

"அந்தப் புகை என்னன்னு பாத்தியா?"

"பாத்தேன். நேத்து சாயங்காலம் ஆத்தைத் தாண்டிட்டேன்."

"என்ன அது?"

பானுமதி போனை மறு காதுக்கு மாற்றிக்கொண்டு, சுவரில் சாய்ந்து வசதியாக உட்கார்ந்தாள்.

"சொல்றேன். முதல்ல அந்த ஊரு எப்படி இருக்கு, அதைச் சொல்லுங்க. ரூமுக்கு ஜன்னல் இருக்கா? ஜன்னலைத் திறந்தா என்ன தெரியுது?"