தையல் பிரிவில் ஒரு பட்டதாரி

எங்கள் காலத்தில் ரங்கூனில் கல்லூரிகளைத் திறப்பார்கள். நாம் பையைத் தூக்கிக்கொண்டு கிளம்புவதற்குள், மாணவர் கிளர்ச்சி வரும் என்று மறுபடி இழுத்து மூடுவார்கள். நாலு வருடப் படிப்பை முடிப்பதற்குள் தலை நரைத்துவிடும் என்று பயந்து, வீட்டிலிருந்தே படிக்கும் தொலைதூரப் படிப்பில் சேர்ந்தேன். பர்மியப் பேச்சில் அது அவேதின். நான் எடுத்தது சரித்திரம். பாடம் டெலிவிஷனில் வரும். ஆனால் போட்டாதாங்கில் எங்கள் தெருவுக்குக் கரண்ட் வருவதும் பாடம் வருவதும் ஒருநாளும் ஒத்துப்போனதில்லை. ஆகவே குறிப்புகளை உரக்கக் கத்திக் கத்தி மனப்பாடம் செய்தேன். அப்படிப் படித்தால்தான் இங்கே யாருக்கும் படித்த மாதிரி இருக்கும்.

எதிர்வீட்டு அக்கா ஜன்னல் வழியாக எட்டிப் பார்த்து, "ஏம்மா, அந்த ராசாவ சீக்கிரம் சாவடிச்சுடேன். புள்ள தூங்க வேணாமா?" என்பாள்.

ஒருவழியாக ராஜாக்கள் எல்லாரும் செத்தார்கள், நானும் பாஸானேன். அப்பா குமாஸ்தாவாக இருந்து ஓய்வு பெற்றவர். அரசாங்கம் எழுதிவைத்தது அவருக்கு வேதவாக்கு. வேதத்துக்கு ஒரு படி மேலே என்றுகூடச் சொல்லலாம், பாதிரியார் காதில் விழாதவரை. சட்டப்படி அவேதின் பட்டமும் பட்டம்தான், யாரும் மறுக்க முடியாது என்று பார்க்கிறவர்களிடமெல்லாம் சொன்னார். சட்டத்தில் மறுக்கவில்லை. ஆனால் வேலை கேட்டுப் போன ஆபீஸ்களில் முதல் கேள்வியே "கல்லூரிக்குப் போய்ப் படித்தாயா, அவேதினா?" என்பதுதான். பதிலைக் கேட்டதும், காபியில் ஈ விழுந்த மாதிரி முகத்தைச் சுளிப்பார்கள்.

கடைசியில் லைங் தாயாவில் ஒரு உடுப்புத் தொழிற்சாலை. முதலாளியைத் தூட்டே என்று கூப்பிடவேண்டும். குமாஸ்தா வேலை காலியாக இருப்பதாகத்தான் சொல்லியிருந்தார்கள்.

"டிவி பாத்ததுக்கு ஒரு பட்டமா? அப்ப எங்க வீட்டுச் சமையக்காரியும் பட்டதாரிதான்," என்றார் தூட்டே. பக்கத்தில் நின்றவர்கள் சிரித்தார்கள். தையல் பிரிவில் உட்காரு, மேசை வேலையைப் பிறகு பார்க்கலாம் என்றார். வீட்டு நிலைமைக்கு உட்கார்ந்தேன். கம்பெனி பஸ்ஸை இங்கே ஃபெரி என்போம். அதில் தினமும் இடிபட்டுப் போய், சட்டைக்கைகளை மூட்டிக்கொண்டிருந்தேன். கண்ணாடித் தடுப்புக்கு அந்தப் பக்கம், ஜன்னலோரமாக, அந்தக் குமாஸ்தா மேசை காலியாகவே கிடந்தது. எனக்கு வேண்டியது அந்த மேசை. வேறு ஒரு மண்ணும் வேண்டாம்.

அப்பாவால் பொறுக்க முடியவில்லை. இந்த ஊரில் பட்டம் வாங்கினால் அங்கி போட்டுப் படம் பிடித்து, பெரிய பிரேம் போட்டுக் கூடத்தில் மாட்டாத வீடு கிடையாது. எங்கள் வீட்டிலும் திருஇருதய ஆண்டவருக்குப் பக்கத்தில் நான் தொங்கினேன். அதைக் கழற்றித் துணியில் சுற்றி, ஒருநாள் காலையில் என்னோடு ஃபெரியில் ஏறிவிட்டார்.

"அப்பா, மானம் போகும்ப்பா."

"சான்றிதழக் காமிச்சே, சிரிச்சான். இதப் பாத்துட்டு சிரிக்கட்டும் பாப்போம்!"

தூட்டே படத்தைப் பார்த்தார். பிறகு தன் சுவரில் மாட்டியிருந்த தன் மகளின் படத்தைப் பார்த்தார். அவர் மகள் கல்லூரிக்கே போய்ச் சட்டம் படித்தவள். இரண்டு பேர் தோளிலும் ஒரே நிறப் பட்டைத்துணி. அது சட்டம் படித்தவர்களுக்கு உரிய நிறம், என் படிப்புக்கு உரிய நிறம் வேறு. படம் பிடித்த அன்று ஸ்டூடியோவில் அது வாடகைக்குப் போய்விட்டது. "எல்லாம் துணிதானே, நல்லாத்தான் இருக்கு" என்று அப்பாதான் இதைப் போடச் சொன்னார்.

"சரித்திரம்னு சொன்னா. இப்ப வக்கீலாவும் ஆயிட்டாளா?" என்றார் தூட்டே. உண்மையான பட்டத்துக்கு ஆதாரம் கொண்டுபோய், மகளைப் போலிப் பட்டதாரி ஆக்கிவிட்டு, அப்பா பிரேமைத் தூக்கிக்கொண்டு வெயிலில் பஸ் தேடிப் போனார். எனக்கு அவர்மேல் வந்த கோபத்தில் ஊசி இரண்டு உடைந்தது.

பிறகு ஒருநாள் நாங்கள் தைக்கும் உடுப்புகளை வாங்கும் கம்பெனியின் அம்மாள் ஒருவர் ஜப்பானிலிருந்து வந்தார், கூடவே மொழிபெயர்க்க ஒரு பையன். தொழிலாளர்கள் எவ்வளவு படித்தவர்கள் என்று அந்தம்மா கேட்டதும், தூட்டே நேராக என் மெஷினுக்கு வந்து நின்றார்.

"இவ பட்டதாரி. எங்ககிட்ட தையல்லயே பட்டதாரிங்க இருக்காங்க!"

எந்தக் கல்லூரி என்று அந்தம்மா கேட்டார். அவேதின் என்றேன். பையன் அதை விளக்க, அந்தம்மாவின் புருவம் ஏறியது. அது உண்மையான பட்டமா என்று திருப்பிக் கேட்டார்.

தூட்டே துள்ளிவிட்டார். "என்ன இப்படிக் கேக்குறீங்க? எங்க நாட்டுச் சட்டப்படி அது முழுப் பட்டம். யாரும் மறுக்க முடியாது!"

அடப்பாவி! மெஷினை நிறுத்திவிட்டு எழுந்து நின்றேன்.

"அப்ப அந்த ஜன்னல் மேசையில நான் எப்ப உக்காரணும், தூட்டே?"

பாவம், அந்தப் பையன் வெகுளி. கேட்டதை அப்படியே மொழிபெயர்த்துவிட்டான். அந்தம்மா கண்ணாடித் தடுப்புப் பக்கம் திரும்பி, காலி மேசையைப் பார்த்தார், பிறகு தூட்டேயைப் பார்த்தார். தூட்டே எல்லாப் பல்லும் தெரியச் சிரித்து, "நாளைக்கே! நாளைக்கேதான் சொல்ல இருந்தேன்," என்றார்.

வீட்டுக்கு வந்து சொன்னதும், சாப்பிட உட்கார்ந்திருந்த அப்பா நாற்காலியிலிருந்து குதித்தார். "பாத்தியா! சட்டம்னா சட்டம்தான். கடைசில ஒத்துக்கிட்டானா இல்லியா?"

அதோடு விட்டிருக்கலாம். என் வாய் சும்மா இருக்குமா? நடந்ததை ஒன்றுவிடாமல் சொன்னேன். அப்பா மெதுவாக உட்கார்ந்தார். சோற்றைப் பிசைந்தார், வாயில் வைக்கவில்லை.

"அந்தம்மா இன்னிக்கி வரலேன்னா?"

"மெஷின்லதாம்ப்பா இருந்திருப்பேன்."