பீடி குடித்த மாமியார்

சாரல் காலத்தில் தென்காசி ஆஸ்பத்திரியிலிருந்து குற்றாலத்துச் சின்ன ஆஸ்பத்திரிக்கு ஒரு நர்சை அனுப்புவார்கள். அந்த வருஷம் நான் போனேன். பாறையில் வழுக்கி விழுந்தவர்கள், காய்ச்சல்காரர்கள், குளவி கொட்டியவர்கள்: இவ்வளவுதான் வேலை.

மாலையில் அருவிப் பாதையில் ஒருவன் கூட்டம் சேர்ப்பான். கடையத்துக்காரன். முன்பு தேருக்குச் சித்திரம் எழுதியவனாம். இப்போது தன் உடம்பில்தான் எழுதினான். மார்பில் தாசில்தார், வயிற்றில் குதிரை. வயிற்றை எக்கினால் குதிரை ஓடும். முதுகை வளைத்தால் தாசில்தார் கும்பிடுவார். இடது முழங்கைக்குக் கீழே ஒரு மாமியார். திருட்டுத்தனமாகப் பீடி குடிப்பாள். மருமகள் வரும் சத்தம் கேட்டால் பதறிப்போய் நெருப்பு முனையை வாய்க்குள் திணித்துக்கொள்வாள். எரியும் பீடியை அந்தத் தோலில் வைத்து அழுத்துவது அவனுடைய வலது கை.

"ஏலே, கெழவிக்கு இன்னொண்ணு பத்த வைலே!" என்று கூட்டம் கத்தும்.

முதல் நாள் நானும் சிரித்தேன். மறுநாள் முன்னால் நின்றதால் மயிர் கருகும் நாற்றம் வந்தது. அவன் முகம் சுளிக்கவில்லை. மருமகளின் வசனம் தடங்கலில்லாமல் வந்துகொண்டிருந்தது. சூடு உறைக்காத ஆளிடம் எதை எதைப் பார்க்க வேண்டும் என்று எங்களுக்கு வரிசையாகச் சொல்லித் தந்திருந்தார்கள். புருவம்: மை தீட்டியிருந்தான், உதிர்ந்ததா என்று தெரியவில்லை. காது மடல்: தடிப்புப் போல இருந்தது, குளிராலும் இருக்கலாம். தோல்: எங்கும் சாயம். இந்தச் சாயமே எதையோ மறைக்கத்தானோ?

கூட்டம் கலைந்ததும் கேட்டேன். "மாமியார மட்டும் ஏன் எப்பவும் அதே எடத்துல எழுதுதீரு?"

"அவ அங்கனதான் இருப்பேங்கா, நர்சம்மா."

"உமக்குச் சுடாதா?"

"சுட்டா அவளுக்குல்லா சுடணும்?" என்று சிரித்தான். நான் சிரிக்கவில்லை. அவன் குரல் தாழ்ந்தது. "நான் தங்குத சத்திரத்துல ஒண்ணும் சொல்லிராதிய. குஷ்டம்னு ஒரு வார்த்த காதுல விழுந்தா இன்னைக்கே பாயத் தூக்கி வெளிய போட்டுருவாவ. அப்புறம் எவன் நின்னு பாப்பான்?"

அந்த வார்த்தையை அதுவரை நான் சொல்லியிருக்கவில்லை.

"நாளைக்குக் காலைல கையக் கழுவிட்டு ஆஸ்பத்திரிக்கு வாரும். யார்ட்டயும் சொல்ல மாட்டேன். அதாவே இருந்தாலும் அதுக்கு மருந்து உண்டு, நீரடிமுத்து எண்ணெய் ஊசி."

காலையில் அவன் வரவில்லை. மாலையில் மாமியார் பீடியைத் திணித்ததும் "ஆத்தாடி!" என்று துள்ளினான். கூட்டம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தது. பார்த்தாயா என்பதுபோல என் பக்கம் கையை ஆட்டினான். நான் பீடியையே கவனித்திருந்தேன். நெருப்பு தோலில் படுமுன்பே அலறிவிட்டான்.

"அவசரப்பட்டுட்டீரு" என்றேன், போகிற போக்கில்.

மறுநாள் காலை வந்தான். கழுவிய கையில் மாமியார் இல்லை. வெளிறிய ஒரு திட்டும், அதன்மேல் பீடிச் சூடுகளும் இருந்தன. முகத்தைத் திருப்பிக் கண்ணை மூடச் சொன்னேன்.

"பஞ்சால தொடுவேன். தொட்டதும் சொல்லும்."

மணிக்கட்டில் தொட்டேன். "ஆமா" என்றான். திட்டின் ஓரத்தில் தொட்டேன். நடுவில் தொட்டேன். கொஞ்சம் அழுத்தி, மறுபடி நடுவில்.

"என்ன நர்சம்மா, நிறுத்திட்டியளா?"

இதுவும் வேடிக்கையோ என்று அவன் வாயோரத்தைப் பார்த்தேன். கண்ணை இறுக மூடியபடி, அடுத்த தொடலுக்காகக் காத்திருந்தான்.