அரிசியில் எழுதிய ஓர்லா

போன சனிக்கிழமை வெஸ்ட்கேட்டில் ஒரு பெரிய கடைக்குத் திரைச்சீலைக் கொக்கி வாங்கப் போனேன். மகள் புது வீட்டுக்குக் குடிவந்திருக்கிறாள். கொக்கி பன்னிரண்டு, வெள்ளை நிறம், பிளாஸ்டிக் கூடாது என்று போனில் எழுதி அனுப்பியிருந்தாள். உள்ளே போனதும் என் கால் கொக்கி இருக்கிற பக்கம் போகாமல், வழக்கம்போலக் கல்லாவுக்குப் பக்கத்தில் நிற்கிற சுழல் தட்டுக்குப் போய்விட்டது. பார்த்திருப்பீர்கள், வீட்டுத் திறப்பை, அதுதான் சாவியை, மாட்டுகிற வளையங்களில் பிள்ளைகளின் பெயரை எழுதி வரிசையாகத் தொங்கவிட்டிருப்பார்களே, அந்தத் தட்டு. இருபது வருஷத்துக்கு மேலாக எந்தக் கடைக்குப் போனாலும் அதை ஒரு சுற்றுச் சுற்றிப் பார்க்காமல் நான் வெளியே வந்ததில்லை. கோயிலைக் கண்டால் கன்னத்தில் போட்டுக்கொள்வது போல அது ஒரு பழக்கம். (கோயிலைக் கண்டாலும் போட்டுக்கொள்கிறவன்தான்.)

தட்டைச் சுற்றினேன். ஒலிவியாவைத் தாண்டியதும் கை நின்றுவிட்டது. ஓர்லா. அதுவும் மூன்று தொங்கின. இளஞ்சிவப்பு நிறம், எழுத்துக்குப் பக்கத்தில் கொம்பு வைத்த ஒரு குதிரை.

நீங்கள் நெடுநாள் பழக்கம் என்றபடியால் மறைக்காமல் சொல்கிறேன், எனக்குச் சந்தோஷம் வரவில்லை. கோபம்தான் வந்தது.

ஓர்லா என் மகளின் பெயர். தினமும் திருநீறு பூசி, வெள்ளிக்கிழமை மச்ச மாமிசம் தொடாமல் இருக்கிற யாழ்ப்பாணத்தான் ஒருவன் தன் மகளுக்கு அயர்லாந்துப் பெயர் வைத்தது எப்படி என்று என்னைக் கேட்காத தமிழர் ஒக்லாந்தில் குறைவு. "ஃபாஷனுக்கு வைச்சது" என்று சொல்லித் தப்பிவிடுவேன். உண்மையைச் சொன்னால் என் பக்தியின் வண்டவாளம் வெளியே வந்துவிடும்.

வளையம் ஒன்றை எடுத்து மூக்குக்குக் கிட்டக் கொண்டுபோனேன். புதுப் பிளாஸ்டிக் வாசனை. அந்த வாசனை எனக்கு எப்போதும் ஈஸ்ட் டாமாக்கியின் வாசனை. இந்த நாட்டுக்கு வந்து எனக்குக் கிடைத்த முதல் வேலை அங்கேதான். உறைந்த பட்டாணியைப் பைகளில் அடைக்கிற தொழிற்சாலை. பட்டாணிக்கு வாசனை கிடையாது, பைக்குத்தான் உண்டு. ஊரில் எட்டாம் வகுப்போடு படிப்பை விட்ட எனக்குப் பையின் வாயைப் பிடிக்கிற வேலை தோதாக இருந்தது. தோதில்லாமல் இருந்தது ஒரே ஒரு ஆள். எங்கள் லைனுக்குப் பொறுப்பான அயர்லாந்துக்காரி.

ஐம்பது வயது இருக்கும். என் தோளுக்கு வரமாட்டா. குரல் மட்டும் லைன் முழுக்க வரும். சட்டையில் ஓர்லா என்று பெயர் குத்தியிருப்பா. நான் சேர்ந்த முதல் திங்கட்கிழமையே என் நெற்றியை அண்ணாந்து பார்த்தா. அவ சொன்னது இங்கிலீசில். அதை எங்கள் பேச்சிலேயே எழுதுகிறேன், அவவின் வாய்க்கு இதுதான் பொருந்தும்.

"நெத்தியில என்ன?"

"சாமிச் சாம்பல்."

"சாமிக்கு நல்லம். பட்டாணிக்கு நல்லமில்லை. போய்க் கழுவிப்போட்டு வா."

கழுவினேன். கண்ணீரும் சேர்ந்துதான் கழுவியது. மாதாவின் படம் போட்ட தன் சங்கிலியையும் அவ வேலைக்கு முன்னால் கழற்றி அலுமாரியில் பூட்டுகிறா என்று மற்றவர்கள் சொன்னார்கள். நான் நம்பவில்லை. அடுத்த நாளிலிருந்து பிள்ளையாரிடம் புது விண்ணப்பம் ஒன்று தொடங்கினேன். "அப்பனே, அந்த மனுசிக்கு ஒரு கெடுதலும் வேண்டாம். வேற லைனுக்கு மட்டும் மாத்திவிடு. கொஞ்சம் தூரமா மாத்து." ஒன்றரை வருஷம், ஒரு நாள் தவறாமல் கும்பிட்டேன். பிள்ளையார் கேட்டுக்கொண்டுதான் இருந்திருக்கிறார் என்பது பிறகு விளங்கியது.

அப்போது என் மனைவி வதனி எங்கள் முதல் பிள்ளைக்கு நிறைமாதம். நாள் குறித்ததற்கு இன்னும் பத்து நாள் இருந்தது. ஒரு ஞாயிறு காலை இரண்டு பேருமாக ஒடாஹுஹுவுக்கு மரக்கறி வாங்கப் போனோம். பஸ் நிறுத்தத்து வாங்கில் உட்கார்ந்த வதனி என் கையை இறுக்கிப் பிடித்தாள்.

"வயித்துக்குள்ள இழுக்குதப்பா. அம்புலன்ஸுக்கு அடியுங்கோ."

"பஸ் இப்ப வந்திடும்."

"பஸ்ஸிலயோ பெறச் சொல்லுறியள்?"

ஞாயிற்றுக்கிழமையில் பஸ் எப்போது வரும் என்று எனக்குத் தெரியாது. கையில் போனும் இல்லை. எதிர்க்கடையில் போய்க் கேட்டிருக்கலாம். புத்தியுள்ளவன் கேட்டிருப்பான். நான் பாகற்காய்ப் பையைக் கீழே வைத்துவிட்டுக் கண்ணை மூடினேன். "பிள்ளையாரப்பா, இப்ப நீ ஆரை அனுப்புறியோ, அவையின்ர பேரையே பிள்ளைக்கு வைக்கிறன்."

இந்த இடத்தில் ஒரு கள்ளத்தனத்தை ஒத்துக்கொள்ள வேண்டும். பத்து நிமிஷத்துக்கு முன்னால்தான் எங்கள் வேலாயுதம் அண்ணையின் வான் வண்டியை மரக்கறிக் கடைக்கு முன்னால் கண்டிருந்தேன். எப்படியும் அவர் இந்த வழியால்தான் திரும்ப வேண்டும். பெடியன் என்றால் வேலாயுதம், பெட்டை என்றால் வேலம்மை, இரண்டும் முருகன் பெயர். கடவுளிடமே கெட்டித்தனம் காட்டப் பார்த்தேன்.

கண்ணைத் திறந்தபோது ஒரு பழைய பிக்கப் வண்டி வந்து நின்றது. பின்னால் உருளைக்கிழங்கு மூட்டையும் ஒரு நாயும். கண்ணாடி இறங்கியது.

"ஏன் தூண் மாதிரி நிக்கிறாய்? அவளை ஏத்து!"

ஓர்லா.

வதனியை முன்னுக்கு ஏற்றினா. என்னை நாயோடு பின்னுக்குப் போகச் சொன்னா. ஆஸ்பத்திரி வரைக்கும் ஒரு கையால் வண்டியை ஓட்டி, மறு கையை வதனி நசுக்கக் கொடுத்திருக்கிறா. முக்கால் மணித்தியாலத்தில் மகள் பிறந்தாள். நாய் என் மடியிலேயே நித்திரையாகிவிட்டது.

வேலாயுதம் அண்ணை அன்றைக்கு வேறு வழியால் போனாராம்.

அடுத்த நாள் நேர்த்தியை வதனியிடம் சொன்னேன். தையல் நோக நோகச் சிரித்தாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. சொன்ன சொல்லை மீறினால் பிள்ளைக்கு ஏதாவது ஆகிவிடுமோ என்ற பயம் ஒரு பக்கம். அந்தப் பெயரை வாழ்நாள் முழுக்க என் வீட்டுக்குள் கூப்பிட வேண்டுமே என்ற கசப்பு மறுபக்கம். முப்பத்தோராம் நாள் துடக்குக் கழிவு, அன்றைக்கு ஐயர் வந்து தீட்டுக் கழித்துப் பெயர் வைப்பார், அதற்குள் முடிவு தெரிய வேண்டும். நூற்றெட்டுத் தேங்காய் அடித்து நேர்த்தியை மாற்றிக்கொள்ளலாமா என்றுகூட விசாரித்துப் பார்த்தேன்.

அந்தக் காலத்தில் தெற்கு ஒக்லாந்தில் தமிழ்ப் பிள்ளை பிறந்தால் முதலில் தாதி தூக்குவாள், அடுத்தது கூட்டுத்தொகை மாஸ்டர் தூக்குவார். ஊரில் எங்கேயோ எழுதுவினைஞராக இருந்தவர். எழுத்துக்கு எண் கூட்டிப் பெயர் சொல்வதால் அந்தப் பட்டம். அவர் சொன்ன பெயர்களை ஒரு தரத்தில் சொல்ல ஐயருக்கே வாய் வராது. தன் பேத்திகளுக்கு ஜிவ்ருக்ஷா, த்விஷானிகா என்று வைத்திருந்தார். ஒருமுறை நான் அறியாமல் அர்த்தம் கேட்டுவிட்டேன். "அர்த்தமோ? அர்த்தம் ஆருக்குத் தம்பி வேணும்? எண் சரியெண்டா எல்லாம் சரி" என்றார்.

கொப்பியோடு வீட்டுக்கு வந்தார். நான் நேர்த்தியைச் சொன்னேன்.

"உனக்கென்ன விசரே? தமிழனாப் பிறந்து வெள்ளைக்காரியின்ர பேரோ? எங்கட பண்பாடு என்னாகிறது?"

"அப்ப ஜிவ்ருக்ஷா எந்தப் பண்பாடு மாஸ்டர்?" என்று குசினிக்குள் இருந்து வதனி கேட்டாள்.

மாஸ்டர் அதைக் கேளாதவர் போல நட்சத்திரம் பார்த்தார். ரோகிணி, முதலாம் பாதம். அதற்கு எழுத்து ஓ. கொப்பியைப் புரட்டினார். மற்ற எழுத்துக்கெல்லாம் மூன்று நான்கு பக்கம் நிறைந்து கிடந்தது. ஓ பக்கம் வெறும் கடதாசி. கண்ணாடியைத் துடைத்துவிட்டுத் திரும்பப் பார்த்தார். அப்போதும் வெறும் கடதாசிதான்.

"ஓவியா?" என்றேன் நான், நப்பாசையோடு.

"ஏழு வருது. கேது. பிள்ளை சன்னியாசம் போயிடும்."

"ஓர்லா?"

விரலை மடக்கிக் கூட்டினார். "நாலு. ராகு. ஆனா கடைசியில இன்னொரு 'ஏ' போட்டாயெண்டால் அஞ்சு, புதன். பிள்ளை கணக்கில புலியா வரும்."

இரண்டு நிமிஷத்துக்கு முன் பண்பாட்டைக் கெடுத்த பெயர், ஒரு எழுத்தைக் கூட்டியதும் புதனுக்கு உகந்ததாகிவிட்டது. மாஸ்டர் தேத்தண்ணி குடித்துவிட்டுப் போனார். அவர் போன பிறகு வதனி பிள்ளையைத் தோளில் போட்டுக்கொண்டு என் முன்னால் வந்து நின்றாள்.

"நீங்கள் கண்ணை மூடிக்கொண்டு நிண்டியள். அந்த மனுசிதான் என்னைத் தூக்கினது. பிள்ளையார் ஆளை அனுப்பினவரோ இல்லையோ? அனுப்பின ஆள் பிடிக்கேல்லையெண்டு அவரோட சண்டை பிடிக்கப்போறியளோ?"

நூற்றெட்டுத் தேங்காய்க் கணக்கை அன்றோடு விட்டுவிட்டேன்.

முப்பத்தோராம் நாள் ஓர்லாவையும் அழைத்தோம். பெயரைப் பற்றி மூச்சு விடவில்லை. சேர்ச்சுக்குப் போகிற பாவாடை போட்டு வந்து, செருப்பைக் கழற்றி, வாசலில் ஒழுங்காக அடுக்கி வைத்தா. அடுத்தவர்களுடைய செருப்பையும் சேர்த்து அடுக்கினா. லைன் பார்த்த கை அல்லவா. ஐயர் தாம்பாளத்தில் பச்சரிசியைப் பரப்பிவிட்டு என்னைப் பார்த்தார்.

"என்ன பேர்?"

சொன்னேன். நேர்த்தியையும் சொன்னேன். மாஸ்டர் தொண்டையைச் செருமினார். ஐயர் தாம்பாளத்தை என் பக்கம் தள்ளினார். "பிள்ளையாரிட்டச் சொன்னதை மாத்த எனக்கு அதிகாரமில்லை. எழுதுங்கோ."

மோதிரத்தைக் கழற்றிப் பிடித்து அரிசியில் எழுதினேன். ஓர்லா. பிறகு பிள்ளையின் வலது காதில் மூன்று தரம் சொன்னேன். மூன்றாம் தரம் சொல்லும்போது பின்னால் யாரோ மூக்கை உறிஞ்சுகிற சத்தம் கேட்டது. திரும்பிப் பார்த்தேன். என்னை நெற்றி கழுவ அனுப்பிய மனுசி பாவாடை நுனியால் முகத்தைத் துடைத்துக்கொண்டிருந்தா.

சாப்பாட்டுக்குப் பிறகு அவவே பெயரின் கதையைச் சொன்னா. முன்பாதி பொன்னாம், பின்பாதி அரசியாம். அயர்லாந்தின் பழைய ராசாக்களின் வீட்டுப் பெண்களுக்கு இருந்த பெயர். பிறகு பல நூறு வருஷம் ஒருவரும் வைக்காமல் கிடந்ததாம். தங்கள் பாசை வாயிலிருந்து போகப் போகிறது என்று தெரிந்த பிறகுதான் சிலர் பழைய ஏடுகளைக் கிண்டி, அந்தப் பெயர்களைத் தங்கள் பெட்டைகளுக்கு வைக்கத் தொடங்கினார்களாம். அவவின் தகப்பன் பஸ் ஓட்டுநர். ஞானஸ்நானத்துக்குக் கொண்டுபோனபோது பாதிரியார், "இப்பிடி ஒரு புனிதர் இல்லை, மேரி எண்டு வை" என்று மறித்தாராம். தகப்பன் அசையவில்லை. கடைசியில் பாதிரியாருக்காக மேரியும் தனக்காக ஓர்லாவுமாக எழுதிவிட்டு வந்தாராம்.

"அங்கயும் ஒரு மாஸ்டர் இருந்திருக்கிறார்" என்றாள் வதனி. இருவரும் சிரித்த சிரிப்பில் பிள்ளை எழும்பிவிட்டது.

புறப்படும்போது ஓர்லா என்னிடம் சொன்னா: "எனக்குப் பிள்ளையள் இல்லை. இந்த நாட்டுக்கு வந்து இத்தனை வருஷத்தில இந்தப் பேரோட இன்னொரு ஆளை நான் காணேல்லை. இப்பத்தான் காணுறன்." திங்கட்கிழமை வேலைக்குப் போனேன். வாசலிலேயே பிடித்து, "நெத்தியைக் கழுவு" என்றா. கழுவினேன். லைன் மாற்றச் சொல்லும் விண்ணப்பத்தை மட்டும் பிள்ளையாரிடமிருந்து மீட்டுக்கொண்டேன்.

மகளுக்கு ஆறு வயதில் அந்தச் சுழல் தட்டு வந்தது. வகுப்பில் எல்லாருடைய பையிலும் பெயர் வளையம் தொங்குகிறதாம். கடை கடையாகச் சுற்றினோம், இவள் பெயர் இல்லை. அழுதாள். அழுத பிள்ளையைப் பெரிய ஓர்லா மடியில் வைத்துச் சொன்னா: "அவங்களுக்கு எங்கட பேரைப் பற்றி ஒண்டும் தெரியாது. தெரிய வாறதுக்கு முதல் நாங்கள் ரெண்டு பேரும் எத்தனை கடை பாக்கிறம் எண்டு பாப்பம்." அன்றிலிருந்து அது ஒரு விளையாட்டு. எந்தக் கடைக்குப் போனாலும் தட்டைச் சுற்றிப் பார்த்துவிட்டு மற்றவர்களுக்குச் சொல்ல வேண்டும். பெரிய ஓர்லா போன் எடுத்தால் வணக்கம்கூடக் கிடையாது. "இங்கயும் இல்லை!" என்று வெற்றிக் குரலில் கத்துவா. மகள் வளர்ந்து விளையாட்டை விட்டுவிட்டாள். நானும் அவவும் விடவில்லை.

பட்டாணித் தொழிற்சாலையை மூடிவிட்டார்கள். அந்த இடத்தில் இப்போது ஏதோ பெட்டிகள் அடுக்குகிறார்கள். ஒடாஹுஹுவில் நான் கண்ணை மூடி நின்ற பஸ் நிறுத்தத்தையும் எடுத்துவிட்டார்கள். மாஸ்டர் காலமாகிவிட்டார். அவருடைய த்விஷானிகா வேலை இடத்தில் தன்னை டீ என்று கூப்பிடச் சொல்கிறாளாம். பெரிய ஓர்லா கடைசிக் காலத்தில் தங்கச்சியோடு இருக்க அயர்லாந்துக்கே போனா. அங்கே தெருவுக்கு இரண்டு ஓர்லா இருக்கிறார்களாம், தட்டில் தொங்குகிறதாம். "அது கணக்கில்லை, ஒக்லாந்துதான் கணக்கு, நீ பாத்துக்கொண்டிரு" என்று போனில் சொன்னா. போன வருஷம் அவவின் தங்கச்சி போன் எடுத்து, அக்கா போய்விட்டா என்று சொன்னபோது நான் சாமி அறையில் விளக்கு வைத்துக்கொண்டிருந்தேன். விளக்கு வைத்து முடித்துவிட்டுத்தான் அழுதேன்.

வெஸ்ட்கேட்டில் அந்த மூன்று வளையத்தையும் கையில் எடுத்தேன். மகளுக்கு போன் எடுத்துச் சொன்னேன்.

"ஓ, நைஸ். அப்பா, கொக்கி வாங்கிட்டீங்களா?"

வளையத்தை வாங்கவும் மனம் வரவில்லை, தட்டில் தெரிகிற மாதிரித் தொங்கவிடவும் மனம் வரவில்லை. அந்தப் பக்கம் இந்தப் பக்கம் பார்த்தேன். கடைப் பிள்ளை வேறு யாருக்கோ பை போட்டுக்கொண்டிருந்தாள். மூன்றையும் எடுத்து, ஒஸ்கார் தொங்குகிற கம்பியில், ஆறு ஒஸ்காருக்கும் பின்னால் கொண்டுபோய் மாட்டினேன். தட்டை ஒரு சுற்றுச் சுற்றிப் பார்த்தேன். ஒலிவியா. ஒஸ்கார். பிறகு ஓவன்.

"இங்கயும் இல்லை" என்று வாய்விட்டே சொன்னேன்.

பிள்ளையாரிடம் ஒரு மன்னிப்புக் கேட்டுக்கொண்டு கொக்கி தேடிப் போனேன். வெள்ளை நிறத்தில் பிளாஸ்டிக்தான் இருந்தது.