ஜேர்மன்காரர் எடுத்த சாமத்திய வீடுகள்

ரொறொன்ரோவில், டோர்செட் பார்க்கில் எங்கள் கட்டடத்தில் இன்றுதான் ஹீட்டர் போட்டார்கள். கோடை முழுக்கப் படிந்த தூசி கருகி ஒரு மணம் வந்தது. மற்றவர்களுக்கு அது குளிர்காலத்தின் மணம். எனக்கு வீடியோ லைட்டின் மணம்.

கனடா வந்த புதிதில் எனக்குக் கிடைத்த வேலை, பூப்புநீராட்டு விழாக்களில், அதாவது எங்கள் சாமத்திய வீடுகளில், வீடியோக்காரருக்கு லைட் பிடிப்பது. ஐந்தாம் வகுப்போடு நின்றவனுக்கு, அதிலும் ஆளைக் கண்டால் கூசுகிறவனுக்கு, நல்ல வேலைதான். லைட்டுக்குப் பின்னால் நிற்பவனை ஒருவரும் பார்ப்பதில்லை.

வீடியோக்காரர் தலை நரைத்த ஒரு ஜேர்மன்காரர். வீடியோக் கடை முதலாளி சிவம் அண்ணை முதல் நாளே என் காதுக்குள் சொன்னார்:

“உவர் அங்கை மலையேறுற படம், கள்ளன் பொலிஸ் படம், பொம்மைப் படம் எல்லாம் எடுத்த பெரிய டைரக்டராம். இப்ப எங்கட பிள்ளையளுக்கு ஆலாத்தி எடுக்கிறதைப் பிடிக்கிறார். நம்புறியே?”

“இல்லை அண்ணை.”

“நானும் நம்பேல்லை. ஆனா சோக்காப் பிடிக்கிறான்.”

எனக்கு இருந்தது வேறு பயம். கனடாவுக்கு முன்னர் கொஞ்சக் காலம் ஜேர்மனியில் இருந்தவன் நான். அங்கே என்னை அகதியாக ஏற்கவில்லை. அது தெரிந்தால் இங்கேயும் அகதி வழக்குச் சரிவராது என்று, காசு வாங்கி என்னைக் கனடாவுக்கு அனுப்பிய ஏஜென்சிக்காரன் எச்சரித்திருந்தான். “அந்த நாட்டின்ரை பேரே வாயிலை வரப்படாது, விளங்கிச்சோ?” இவ்வளவு பெரிய நகரத்தில் எனக்கு வந்து வாய்த்தவர் ஒரு ஜேர்மன்காரர் என்றால் சந்தேகம் வராதா? குடிவரவுக்காரர் அனுப்பிய ஆள் என்றே நினைத்தேன். சாப்பாட்டு மேசையில் ஒவ்வொரு முகமாக அவர் கமெராவைக் கொண்டுபோனால் நான் லைட்டை உயர்த்தி அதன் பின்னால் முகத்தை மறைத்துக்கொள்வேன்.

ஒருநாள் வெக்ஸ்போர்ட் மண்டபத்தில் பிள்ளைக்கு ஆலாத்தித் தட்டுச் சுற்றிக்கொண்டிருந்தார்கள். வழக்கமாகக் கையால் காட்டுகிறவர், அன்று அவசரத்தில் தன் மொழியில் கத்தினார்: இடது பக்கம் போ, இன்னும் கீழே!

நான் இடது பக்கம் போய் லைட்டைக் கீழே இறக்கிவிட்டேன்.

கமெராவிலிருந்து கண்ணை எடுத்து என்னைப் பார்த்தார். எனக்கு ஜேர்மன் மொழி விளங்கும் என்று அவருக்குத் தெரிந்துவிட்டது. அதன்பின் என் முன்னால் தன் மொழியில் வாய் திறக்கவேயில்லை. அதுதான் இன்னும் பயமாக இருந்தது. வழக்கு விசாரணையன்று கதவு திறக்கும்போதெல்லாம் அவர்தான் வருகிறார் என்று திரும்பிப் பார்த்தேன். வரவில்லை. என்னை ஏற்றுக்கொண்டார்கள். அடுத்த சனிக்கிழமை அவரிடம் சொன்னேன். தன் தட்டிலிருந்த ரோல்ஸை எடுத்து எனக்கு நீட்டிச் சிரித்தார். அது என்ன சிரிப்பு என்று இன்றுவரை பிடிபடவில்லை.

இன்று மணம் வந்ததும் அவர் பெயரைச் சொல்லி மகனைத் தேடச் சொன்னேன். போனில் படத்தோடு வந்தார். மலை, கள்ளன், பொம்மை எல்லாம் உண்மைதான்.

“டாட், அதுக்குப் பிறகு ஒண்டும் எடுக்கேல்லையாம். ரிட்டயர்ட். ரொறொன்ரோ எண்டு ஒரு சொல்லும் இல்லை. வெயிற், உங்களுக்கு எப்பிடி இவரைத் தெரியும்?”

“ஆரோ கதைச்சவை,” என்றேன். உங்களுக்குச் சொல்கிறேன், அவனுக்கு இன்னும் சொல்லவில்லை.

அந்த மண்டபம் இப்போது டயர்க் கடை. நகருக்கு வெளியே பிக்கரிங்குக்கு வீடு மாறும்போது சனம் பழைய வீடியோக் கசெட்டுகளை எல்லாம் எறிந்துவிட்டது. என் அகதி வழக்குக் கோப்பில் ஜேர்மனி இல்லை. அவர் கதையில் ரொறொன்ரோ இல்லை. நான் யாருக்கு ஒளித்தேன் என்று எனக்குத் தெரியும். அந்த மனிதர் யாருக்கு ஒளித்தார்?