எறும்பு இல்லாத கடைசிப் படம்

அந்தப் பதிப்பகத்தில் அவளை எல்லோரும் ரப்பர் அக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். பழைய நாளிதழ்களில் வந்த படக்கதைகளைத் தேடிப் பிடித்து, கெட்டி அட்டை போட்டுத் தொகுப்பாக வெளியிடுவது அவர்கள் தொழில். பழைய தாள் என்றால் சும்மாவா? மஞ்சள் பூத்திருக்கும், மடித்த இடத்தில் கோடு விழுந்திருக்கும், பின்பக்கத்துச் செய்தி முன்பக்கத்தில் எட்டிப் பார்க்கும், யாரோ டம்ளர் வைத்த வட்டம் நடுவில் உட்கார்ந்திருக்கும். ஸ்கேன் செய்த படங்களைக் கணினியில் பெரிதாக்கி, இத்தனை அழுக்கையும் துடைத்தெடுப்பது அக்காவின் வேலை. அவள் கைபட்ட படம் நேற்று வரைந்ததுபோல் இருக்கும். அதில் அவளுக்குக் கொஞ்சம் மிதப்பும் உண்டு. இருந்துவிட்டுப் போகட்டும், வேலை தெரிந்தவள்தானே.

வீட்டிலும் கை சும்மா இருக்காது. சாப்பிட்டு முடிப்பதற்குள் துணியோடு மேசைக்கு வந்துவிடுவாள். "தட்டோட சேர்த்து என்னையும் துடைச்சு எடுத்துடாத" என்பார் வீட்டுக்காரர்.

அந்த வருஷம் அவள் கைக்கு வந்தது ஒரு தையல்காரர் படக்கதை. தினமும் மூன்று கட்டம். எதற்கெடுத்தாலும் சாக்குச் சொல்லும் தையல்காரர், அவரை ஒரே வார்த்தையில் மடக்கிவிடும் மனைவி. ஒரு காலத்தில் சக்கைப்போடு போட்ட தொடர் அது. வரைந்தவர் காலமாகிவிட்டார். புத்தகம் போடச் சம்மதித்த அவருடைய மனைவி, அச்சுக்குப் போகுமுன் தான் ஒருமுறை பார்க்க வேண்டும் என்று மட்டும் கேட்டிருந்தார்.

சொன்னபடி வந்தார். ஒல்லியான உடம்பு, கைப்பையில் ஒரு பூதக்கண்ணாடி. முதலாளி தன் நாற்காலியையே இழுத்துப் போட்டார். அந்த அம்மா முதல் பக்கத்தைப் பார்த்தார், அடுத்ததைப் பார்த்தார், நடுவில் புரட்டிப் பார்த்தார். முகம் சுண்டிப்போனது.

"எல்லாம் பளிச்சுன்னு இருக்கு. எறும்பு எங்கம்மா?"

"எந்த எறும்பு?" என்றாள் அக்கா.

"தினமும் கடைசிக் கட்டத்துல ஒண்ணு போடுவாரே."

அக்காவுக்கு அப்போதுதான் புரிந்தது. ஒவ்வொரு படத்திலும் ஒரு புள்ளி இருக்கத்தான் செய்தது. சுவரில், கத்தரிக்கோலில், தையல்காரரின் வழுக்கையில் என்று நாளுக்கு ஓர் இடம். அச்சு மை தெறித்தது என்று நினைத்து, ஒன்று விடாமல் தேடித் தேடித் துடைத்தவள் அவள்தான்.

"கல்யாணமான புதுசுல, உங்க படத்தையெல்லாம் யாரு பாக்குறாங்கன்னு ஒரு பேச்சுக்குச் சொல்லிட்டேன்" என்றார் அம்மா. "மறுநாள்ல இருந்து எறும்பு வந்துடுச்சு. வீட்டுல என்னை எறும்புன்னுதான் கூப்பிடுவாரு, ஒரு இடத்துல நிக்க மாட்டேன்ல. காலையில பேப்பர்ல அது எங்க இருக்குன்னு கண்டுபிடிச்சுச் சொன்னாத்தான் அவருக்குக் காபி இறங்கும்."

பிறகு அவர் குரல் தாழ்ந்தது. கடைசிப் படம் வரைந்த அன்று இருவருக்கும் சண்டை. நெஞ்சு வலியோடு உட்கார்ந்து வரைந்துகொண்டிருந்தார் கணவர். ஆஸ்பத்திரிக்குப் போகலாம் என்று இவர் கத்த, முடித்துவிட்டு வருகிறேன் என்று அவர் பிடிவாதம் பிடிக்க, கோபத்தில் இவர் பேச்சையே நிறுத்திவிட்டார். படத்தை அனுப்பிவிட்டுக் கிளம்பியவருக்கு வழியிலேயே நினைவு தப்பியது. திரும்பவில்லை. படம் மட்டும் பேப்பரில் வந்தது.

"அதுல எறும்பைக் காணோம். அச்சு வேற மங்கல். போட்டாரா, என் மேல இருந்த கோபத்துல விட்டுட்டாரான்னு எனக்குத் தெரியணும். பெருசா, சுத்தமா போடுறோம்னு சொன்னீங்க, அதனாலதான் இந்தப் புத்தகத்துக்கே சரின்னேன்."

நல்லவேளையாகத் துடைக்காத ஸ்கேன்களை அக்கா பத்திரமாக வைத்திருந்தாள். கடைசிப் படத்தை அங்கேயே திறந்து, திரை கொள்ளுமளவு பெரிதாக்கினாள். இருவரும் இண்டு இடுக்கெல்லாம் தேடினார்கள். எறும்பு இல்லை.

"சரி, விடும்மா" என்று பூதக்கண்ணாடியைப் பைக்குள் வைத்துக்கொண்டு அம்மா கிளம்பினார்.

"எறும்புக்காக அச்சகத்தைக் காக்க வைக்கணுமா?" என்று முதலாளி தலையைச் சொறிந்தார்.

"துடைச்சவ நான்தானே சார், நானே திரும்ப வைக்கிறேன்" என்றாள் அக்கா.

ஒவ்வொரு எறும்பாக எடுத்து அதனதன் இடத்தில் குடிவைத்துக்கொண்டே வந்தாள். கடைசிப் படத்தில் கை நின்றுவிட்டது. இத்தனை எறும்பைத் துடைத்த கைக்கு, ஒன்றைப் புதிதாக வைப்பது பெரிய காரியமா? துடைக்காத ஸ்கேனை மறுபடி திறந்தாள். முந்தின நாள் எறும்பை நகலெடுத்துத் தையல் மெஷின்மேல் ஒட்டினாள். பொருத்தமாகத்தான் இருந்தது. அந்த அம்மா மீதிக் காலம் நிம்மதியாக இருப்பார், யாருக்கு என்ன நஷ்டம் என்று நினைத்தாள். ஆனாலும் மனசுக்குள் என்னவோ உறுத்தியது.

அப்போதுதான், பழகிய கண் தானாகப் போய் கடைசிக் கட்டத்தில் வரைந்திருந்த மேசைமேல் நின்றது. தையல்காரர் கன்னத்தில் கைவைத்து உட்கார்ந்திருந்தார். அவர் முன்னால் ஒரு ஸ்பூன், அதன் பக்கத்தில் பொடிப்பொடியாகப் புள்ளிகள். எறும்பைத் தேடியபோது இருவருமே கறை என்று தாண்டிப் போயிருந்தார்கள். தாளின் கறை என்றால் மூன்று கட்டத்திலும் இறைந்திருக்க வேண்டும். இவை ஒரே இடத்தில், பேனா முனையால் பொறுமையாக வைத்தவைபோல் குவிந்திருந்தன. முதல் சுற்றில் இவற்றையும் அவள் துடைத்துத்தான் இருந்தாள்.

ஒட்டிய எறும்பை அழித்துவிட்டு, அம்மாவுக்குப் போன் செய்தாள்.

அன்று சாயங்காலமே வந்த அம்மா, திரைக்கு அருகில் முகத்தைக் கொண்டுபோய் வெகுநேரம் பார்த்தார்.

"சர்க்கரை" என்றார். கொஞ்சம் கழித்து, "கொட்டி வெச்சுட்டு உக்காந்திருக்காரு. எறும்புதான் வரல" என்றார்.

அவர் தோளைத் தொடலாமா வேண்டாமா என்று தெரியாமல் அக்கா பக்கத்திலேயே நின்றாள்.

"விட்டுடலம்மா அவரு" என்றார் அம்மா, கண்ணைத் துடைத்துக்கொண்டு. "கூப்பிட்டிருக்காரு. நான்தான் போகல."

புத்தகத்தில் அந்தக் கடைசிப் பக்கம் மட்டும் மடிப்புக் கோடும் மஞ்சளுமாக அப்படியே அச்சாகியிருக்கிறது. இதை மட்டும் ஏன் துடைக்கவில்லை என்று முதலாளி கேட்டார்.

"இதுல எது அழுக்குன்னு எனக்குத் தெரியல சார்" என்றாள் ரப்பர் அக்கா.